கிட்ஹப் இஷ்யூஸ்: விடுபட்ட வசதிகளைச் சேகரிக்க, வரிசைப்படுத்த எவ்வளவு உதவும்?

ஒரு மென்பொருளில் என்ன குறைகிறது என்று பயனர்கள் சொல்வதைக் குறித்துவைக்கச் சிறு டீம்களுக்குப் பெரும்பாலும் கைக்கெட்டும் தூரத்தில் இருப்பது, நிரலைச் சேமித்துவைக்கும் கிட்ஹப் தளத்தின் இஷ்யூஸ் பகுதிதான்; அங்கே ஒவ்வொரு குறையும் கோரிக்கையும் ஒரு 'இஷ்யூ' பதிவாக இருக்கும். மென்பொருளின் நிரல் ஏற்கெனவே அங்கே இருக்கிறது. 2020 முதல் இலவசத் திட்டத்திலும் பிரைவேட் ரெப்போவுக்கு (வெளியார் பார்க்க முடியாத நிரல் களஞ்சியம்) எத்தனை பேரை வேண்டுமானாலும் சேர்க்கலாம். கோரிக்கைகளைச் சேகரிக்க இது அருமையான கருவி. எதை முதலில் செய்வது என்று முடிவெடுக்கப் பாதி தூரம்தான் கூட வரும். கோரிக்கை தெளிவாக எழுதப்பட்டு வருமா என்பது நாம் வைக்கும் படிவத்தைப் பொறுத்தது.

கருவி இந்த அளவுக்கு வந்ததே பயனர்கள் குரல் கொடுத்ததால்தான். முன்பெல்லாம் ஒரு வசதி எனக்கும் வேண்டும் என்று காட்ட '+1' என்று கமென்ட் போடுவார்கள். இஷ்யூ முழுக்க அதுவே நிறைந்து, உருப்படியான தகவல் அடியில் புதைந்துவிடும். 2016 ஜனவரியில் ஓப்பன் சோர்ஸ் பராமரிப்பாளர்கள் பலர் சேர்ந்து 'டியர் கிட்ஹப்' என்று ஒரு திறந்த கடிதம் எழுதினார்கள். முறையான வாக்கு வசதியும், இஷ்யூ எழுதுபவரிடம் தேவையான தகவலைக் கேட்டு வாங்கும் வழியும் வேண்டும் என்பது கோரிக்கை. பிப்ரவரியில் இஷ்யூவுக்கான முன்வடிவமான டெம்ப்ளேட் வந்தது, மார்ச்சில் கட்டைவிரல் போன்ற குறிகளால் வாக்களிக்கும் ரியாக்‌ஷன் வந்தது. குறை என்ன, அதனால் தினமும் என்ன அவதி என்று சொல்லிக் கேட்டதற்குக் கிடைத்த பலன் அது.

இன்று டெம்ப்ளேட்டைவிட இஷ்யூ ஃபார்ம்தான் சிறந்தது. யாம்எல் (YAML) என்ற எளிய டெக்ஸ்ட் அமைப்பில் உள்ள ஃபைலில் கேள்விகளை எழுதி வைத்தால், இஷ்யூ திறப்பவருக்கு நிரப்பவேண்டிய கட்டங்களாகத் தெரியும். கூடவே கான்ஃபிக் (அமைப்புகள்) ஃபைலில் வெற்று இஷ்யூவை நிறுத்தும் வரியையும் சேர்த்துவிடுங்கள். இல்லையென்றால் பலர் ஃபார்மைத் தாண்டிப்போய் ஒற்றை வரி எழுதிவிட்டு நகர்ந்துவிடுவார்கள். கேள்விகள் நான்கு போதும்: இந்த வேலையை இப்போது எப்படிச் சமாளிக்கிறீர்கள், யார் செய்கிறார்கள், எவ்வளவு அடிக்கடி, கடைசியில் கையில் என்ன கிடைக்கவேண்டும். 'என்ன வசதி வேண்டும்' என்ற கேள்வியைக் கடைசியில், கட்டாயமில்லாமல் வையுங்கள். முதலில் வைத்தால் எல்லோரும் தீர்வை எழுதுவார்கள், பிரச்சினையை யாரும் எழுதமாட்டார்கள்.

பில்லிங் மென்பொருள் ஒன்றுக்கு 'எக்செல் எக்ஸ்போர்ட் வேண்டும்' என்று ஒரு கோரிக்கை வருவதாக வைத்துக்கொள்வோம். இதை வைத்து ஒன்றும் கட்ட முடியாது. முதல் கேள்விக்கு 'மாதாமாதம் பில்களைப் பார்த்துப் பார்த்துக் கையால் டைப் செய்து, ஜிஎஸ்டிஆர்-1 என்ற விற்பனைக் கணக்கு போட ஆடிட்டருக்கு அனுப்புகிறோம்' என்று பதில் வந்தால் படம் தெளிவாகிறது. தேவை எக்செல் அல்ல. ஆடிட்டர் அப்படியே எடுத்துக்கொள்ளக்கூடிய, பிழையில்லாத பட்டியல். இனி நிபந்தனைகளை எழுதலாம். பில் நம்பர், தேதி, வாங்குபவரின் 15 இலக்க ஜிஎஸ்டி எண், ஹெச்எஸ்என் கோடு (பொருளின் வகையைக் குறிக்கும் எண்), வரிக்கு முந்தைய தொகை, வரி விகிதம் எல்லாம் தனித்தனி நெடுவரிசையில் வரவேண்டும். அடுத்தது, எங்கே உடையும் என்பது. சிஎஸ்வியாக (காற்புள்ளியால் பிரித்த வெறும் டெக்ஸ்ட் ஃபைல்) கொடுத்து நேரே எக்செல்லில் திறந்தால், காபியின் 0901 என்ற கோடு முன்பூஜ்யம் போய் 901 ஆகிவிடும். '12-3' என்ற பில் நம்பர் தேதியாக மாறிவிடும். யூடிஎஃப்-8 என்ற எழுத்துக் குறியாக்கத்தில் உள்ள ஃபைலின் தொடக்கத்தில், அதை அடையாளம் காட்டும் பாம் (BOM) குறி இல்லாவிட்டால் தமிழ்ப் பெயர்கள் சிதைந்த எழுத்தாகத் தெரியக்கூடும். 'கோடும் பில் நம்பரும் டெக்ஸ்ட் ஃபார்மேட்டில், எக்செல்லின் சொந்த எக்ஸ்எல்எஸ்எக்ஸ் ஃபைலாக' என்ற ஒரு வரி இஷ்யூவில் இருந்தால் இந்த மூன்றும் ரிலீஸுக்கு முன்பே தீர்ந்துவிடும்.

இப்படி விரிந்த கோரிக்கை ஒரே இஷ்யூவில் அடங்காது. அதற்குச் சப்-இஷ்யூ வசதி நன்றாக வேலை செய்கிறது. ஒன்றின் கீழ் 100 வரை சேர்க்கலாம், எத்தனை முடிந்தது என்பதும் மேலேயே தெரியும்.

வரிசைப்படுத்துவதில்தான் கருவி தடுமாறுகிறது. கட்டைவிரல் வாக்கு அதிகம் வாங்கிய இஷ்யூ மேலே வரும்படி அடுக்கலாம், சரி. ஆனால் வாக்குப் போடக் கிட்ஹப் கணக்கு வேண்டும். பில் போடும் கேஷியரிடம் அது இருக்காது; அவர் சப்போர்ட்டுக்குப் போன் செய்வார். வாக்கை மட்டும் பார்த்தால் டெவலப்பர்கள் கேட்கும் டார்க் மோடுதான் எப்போதும் முதலிடத்தில் நிற்கும். கிட்ஹபின் ப்ராஜெக்ட்ஸ் என்ற திட்டப் பலகையில் 'போன் கோரிக்கை' என்று ஒரு எண் கட்டம் சேர்த்து, சப்போர்ட் ஆட்களையே அதை ஏற்றச் சொல்வதுதான் வழி. இன்னொரு ஓட்டை: ஒரே கோரிக்கை இரண்டு இஷ்யூவாக வந்து ஒன்றை டூப்ளிகேட் என்று மூடினால், அதிலுள்ள வாக்குகள் மூல இஷ்யூவில் சேராது. மூடும்முன் எண்ணிக்கையை மூல இஷ்யூவில் எழுதிவிடுங்கள்.

எதை முதலில் செய்வது என்று மதிப்பெண் போடும் ரைஸ் (RICE) முறையில் கணக்குப் போட நினைப்பவர்கள் பயன்பெறுவோர், தாக்கம், உறுதி, உழைப்பு என்று நான்கு எண் கட்டங்களை உருவாக்கலாம். முதல் மூன்றையும் பெருக்கி, ஆள்-மாதத்தில் சொல்லும் உழைப்பால் வகுக்கவேண்டும். காலாண்டுக்கு 60 கடை, தாக்கம் 2, உறுதி 0.8, உழைப்பு 1 என்றால் எக்ஸ்போர்ட்டுக்கு 96. டார்க் மோடுக்கு 150 பேர், தாக்கம் 0.25, உறுதி 0.5, உழைப்பு 1 என்றால் 18.75. வாக்கில் பின்தங்கியது இங்கே முன்னால் வந்துவிடுகிறது. ஆனால் ப்ராஜெக்ட்ஸில் ஃபார்முலா கட்டம் கிடையாது. விடையைக் கையால் ஏற்றவேண்டும், அல்லது ஏபிஐ (பிற நிரல்கள் கிட்ஹபோடு பேசும் வழி) மூலம் ஸ்கிரிப்ட் எழுதவேண்டும். ஒரு விரிதாளில் சாதாரணமாகச் செய்யும் வேலை இங்கே இல்லாதது பெரிய குறைதான். கிட்ஹபுக்குப் போட்டியான கிட்லேபில் இஷ்யூவுக்கு எடை தரும் வெயிட் என்ற கட்டம் உண்டு, அதுவும் கட்டணத் திட்டத்தில்தான். ரெட்மைன் என்ற இஷ்யூ மென்பொருளைச் சொந்த சர்வரில் இலவசமாக ஓட்டலாம்.

விடுபட்டதைக் கண்டுபிடிக்க வசதிக் கோரிக்கைகளை மட்டும் படித்தால் போதாது. கேள்வி லேபிள் ஒட்டி மூடிய இஷ்யூக்களில்தான் சரக்கு இருக்கிறது. 'இதை எப்படிச் செய்வது' என்று ஒரே விஷயத்தைப் பலர் கேட்டு, ஒவ்வொருவருக்கும் சுற்றுவழி சொல்லி அனுப்பியிருந்தால், அங்கே ஒரு வசதி விடுபட்டிருக்கிறது. இன்னும் பிடிபடாத யோசனைகளை கிட்ஹபின் கலந்துரையாடல் பகுதியான டிஸ்கஷன்ஸில் ஐடியாஸ் பிரிவுக்கு மாற்றிவிட்டால் இஷ்யூ பட்டியல் சுத்தமாக இருக்கும்.

தேங்கிக்கிடப்பதை என்ன செய்வது என்பதற்கு மைக்ரோசாஃப்ட்டின் நிரல் எழுதும் கருவியான விஎஸ் கோட் டீமின் வழக்கம் நல்ல முன்மாதிரி. புதுக் கோரிக்கைக்கு 60 நாள் கெடு. அதற்குள் 20 வாக்கு வந்தால் பேக்லாகில் (செய்யவேண்டியவை பட்டியலில்) சேரும், இல்லையேல் மூடப்படும். பத்திருபது கடைகளுக்கு எழுதும் மென்பொருளுக்கு 20 மிக அதிகம், 3 போதும். மூடும்போது 'நாட் பிளான்ட்' (திட்டத்தில் இல்லை) என்ற காரணத்தைத் தேர்ந்தெடுத்து, என்ன மாறினால் மறுபடி திறப்போம் என்று ஒரு வரி எழுதுங்கள். அந்த வரி இல்லாவிட்டால் அதே கோரிக்கை வேறு தலைப்பில் திரும்ப வரும், வாக்கும் பழையபடி பூஜ்யத்திலிருந்து தொடங்கும்.