‘வேண்டாம்’ கேட்காத மெஷின்: வாங்கலாமா?

மனதில் விரும்பியதை நடத்திவைக்கும் அந்த மெஷினின் விலையைக் குறைத்துவிட்டார்களே, இப்போது வாங்கலாமா என்று நண்பர் ஒருவர் கேட்டார். மின்முனை எத்தனை, எவ்வளவு தூரம் எட்டும், பேட்டரி எத்தனை நேரம் நிற்கும் என்பதெல்லாம் பெட்டியிலேயே அச்சடித்திருக்கிறது. அதில் பொய் ஒன்றும் இல்லை. தலைப்பட்டையை மாட்டிக்கொண்டு ஒன்றை விரும்பினால், அறைக்குள் இருக்கிற பொருள் அதன்படி மாறுகிறது. வேலை செய்யவில்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். என் கோபமெல்லாம் அது கொஞ்சம்கூடப் பொறுக்காமல் வேலை செய்கிறதே என்பதில்தான்.

கையை அசைக்க வேண்டும் என்று நமக்குத் தோன்றுவதற்கு முன்பே மூளையில் ஒரு மின்னழுத்தம் மெல்ல எழத் தொடங்கிவிடுகிறது. அசைவுக்கு முன்பே இப்படி ஓர் எழுச்சி இருக்கிறது என்று ஜெர்மனியில் கார்ன்ஹூபர், டீக்கே என்ற மூளை ஆய்வாளர்கள் 1965-இலேயே எழுதிவிட்டார்கள். 1983-இல் பெஞ்சமின் லிபெட் என்ற அமெரிக்க மூளை ஆய்வாளர் அளந்து பார்த்தபோது, அசைவுக்கு அரை நொடிக்கும் சற்று முன்பே அந்த எழுச்சி தொடங்கியிருந்தது. ‘அசைக்கப் போகிறேன்’ என்ற உணர்வு வந்ததோ சுமார் 0.2 நொடிக்கு முன்புதான். மிச்சமிருக்கும் அந்தத் துளி நேரத்தில் ‘வேண்டாம்’ என்று நிறுத்திக்கொள்ள நம்மால் முடியும் என்பது லிபெட்டின் கட்சி. அப்படியானால் முடிவெடுப்பது யார் என்று தத்துவக்காரர்கள் இன்னும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். போடட்டும். இந்த மெஷினைச் செய்தவர்கள் விருப்பத்துக்கும் அதே கணக்குதான் என்று வைத்துக்கொண்டு, முதல் எழுச்சியிலேயே சமிக்ஞையைப் பிடித்துவிடுகிறார்கள். வேகம் என்று விளம்பரத்தில் பெருமை வேறு. ‘வேண்டாம்’ என்று சொல்ல இருந்த அந்தத் துளி நேரம்தான் அதில் அடிபட்டுப் போனது.

என்ன ஆகும் என்று கேட்கிறீர்களா? மேசை ஓரமாக ஒரு கண்ணாடி டம்ளர், பாதி தண்ணீரோடு. கை பட்டால் விழுந்துவிடுமே என்று ஒரு நினைப்பு, அவ்வளவுதான். டம்ளருக்கு அடியிலிருந்த ஈர வட்டம் முதலில் ஒரு பக்கமாக நீண்டது. அப்புறம் அந்த ஈரத்தின் மேலேயே டம்ளர் அவசரமில்லாமல் ஓரத்தைப் பார்த்து நகர்ந்தது. விழக்கூடாது, விழக்கூடாது என்று நினைக்க நினைக்க அதன் வேகம் கூடியதுதான் மிச்சம். பட்டையைக் கழற்றக் கை தலைக்குப் போவதற்குள் தரையெல்லாம் சில்லு.

குரங்கை நினைக்காமல் மருந்து குடி என்று வைத்தியர் சொன்ன கதை தெரியும்தானே. உளவியலாளர் டேனியல் வெக்னர் 1987-இல் வெள்ளைக் கரடியை வைத்து அதையே சோதனையாகச் செய்தார். கரடியை நினைக்கக்கூடாது என்று யாரிடம் சொன்னாரோ அவர்கள் மனதில் கரடி திரும்பத் திரும்ப வந்தது. அவர்களுக்காவது அது மனதோடு போயிற்று. இந்த மெஷின் குரங்கை மருந்துக் கிண்ணத்துக்குப் பக்கத்திலேயே கொண்டுவந்து உட்கார வைத்துவிடும்.

இடையில் கட்டுப்பாட்டுப் பலகை போய், சர்வீஸுக்குக் கொடுக்க வேண்டியிருந்தது. பலகையைச் சீக்கிரமே மாற்றிக் கொடுத்தார்கள், அதில் குறை சொல்ல மாட்டேன். இந்த விஷயத்தைச் சொன்னபோது அங்கிருந்த பையன், “நெகட்டிவா நினைக்காதீங்க சார், சரியாயிடும்” என்றான். நினைப்பை அப்படி அடக்கத் தெரிந்திருந்தால் எனக்கு எதற்கய்யா மெஷின்? அப்புறம் கையேட்டில் இல்லாத ஓர் அமைப்பைத் திறந்து, தாமதத்தைக் கூட்டிக் கொடுத்தான். நல்ல பையன்தான். ஆனால் தாமதம் கூடினால் மெஷின் காத்திருக்கும் நேரத்தில் வருகிற எல்லா நினைப்பையும் சேர்த்து வாங்கிக்கொள்கிறது. எதிர்ச் சுவர் நீலமாக வேண்டும் என்று உட்கார்ந்திருந்தேன். அழைப்பு மணி அடித்தது. சுவர் அப்படியே இருக்க, வாசல் கதவு நீலமாகிவிட்டது. வந்தவர் கதவைத் தடவிப் பார்த்து, நல்ல கலர் என்றார். தாமதத்தைப் பழையபடி குறைத்துவிட்டேன்.

இவ்வளவு திட்டியபின் ஒரு நியாயமும் சொல்லியாக வேண்டும். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் 1979 முதல் 2007 வரை ஓர் ஆய்வகம் இருந்தது. எந்த ஒழுங்கும் இல்லாமல் எண்களைக் கொட்டும் கருவிக்கு முன்னால் ஆட்களை உட்கார வைத்து, மனதாலேயே அந்த எண்களைச் சாய்க்கச் சொன்னார்கள். கிடைத்ததாக அவர்கள் சொன்ன மாற்றமே பத்தாயிரத்தில் சில என்கிற அளவுதான். வேறு ஆய்வகங்கள் சேர்ந்து செய்து பார்த்தபோது அதுவும் உறுதியாகவில்லை. அதை நினைத்தால், ஒரு கதவு முழுக்க நீலமானது சாதாரண விஷயமா?

அப்புறம் ஊசி. இதை எந்த விளம்பரத்திலும் காணோம். கண் மங்கலாகிவிட்ட எனக்கு ஊசியில் நூல் கோப்பது பெரும்பாடு. பட்டையை மாட்டிக்கொண்டு ஊசியை வெளிச்சத்தில் பிடித்தால் போதும். பிசிறு பிரிந்த நூல்முனை தானாக முறுக்கிக்கொண்டு, காதுக்குள் நுழைந்து, அந்தப் பக்கம் ஒரு விரல் நீளம் வந்து நிற்கிறது. ஒருமுறைகூடத் தவறியதில்லை. நூல் நுழையாதே என்று யாரும் பயப்படுவதில்லை, அதனால்தானோ என்னவோ. பயம் ஒட்டாத சின்ன வேலை எதைக் கொடுத்தாலும் இப்படித்தான், அப்பழுக்கில்லாமல் செய்கிறது. கிறீச்சிடும் கீல், ஆடும் நாற்காலிக் கால், ஜாடிக்குள் சிக்கிய மூடி எல்லாம் சரி. பெரிதாக ஏதாவது விரும்பிப் பாருங்கள், கூடவே ‘ஐயோ, தப்பாகிவிட்டால்?’ என்பதும் வரும். மெஷின் இரண்டாவதைத்தான் முதலில் எடுத்துக்கொள்ளும்.

ஆகவே நண்பரே, வாங்க வேண்டாம். விலை இன்னும் பாதியானாலும் வேண்டாம். நடுவில் நிறுத்த ஒரு பொத்தான், சாதாரணப் பொத்தான், விரலால் அழுத்துகிற மாதிரி, அதைக்கூட வைக்கத் தோன்றாதவர்களுக்கு என் சிபாரிசு கிடையாது. குழந்தைகள் இருக்கிற வீடு என்றால் அந்தப் பக்கமே போகாதீர்கள். என்னுடையதைக் கேட்டும் வராதீர்கள், கொடுக்க மாட்டேன். வாரண்டியை நீட்டிக்க நேற்றுதான் பணம் கட்டினேன்.