மிதாகா கிப்லி அருங்காட்சியகம்: மியாசாகி வேலை செய்த விதத்தைப் பார்க்க

‘மை நெய்பர் டோட்டோரோ’ படத்தில் வரும் டோட்டோரோ பொம்மையோடு நின்று படம் எடுத்துக்கொள்ளத்தான் ஆசை என்றால், டோக்கியோவின் மேற்கே மிதாகாவில் இருக்கும் இந்த இடத்துக்காக மெனக்கெட வேண்டாம். கட்டடத்துக்குள் புகைப்படம் எடுக்க அனுமதியே இல்லை. ஸ்டூடியோ கிப்லியின் அனிமேஷன் இயக்குநர் ஹயாவோ மியாசாகி ஒரு படத்தை எப்படி உருவாக்குகிறார் என்று பார்க்க விரும்புகிறவர்கள் தவறவிடவே கூடாது. 2001 அக்டோபரில் திறந்த இந்தக் கட்டடத்தின் வடிவமும் அவர் யோசனைதான்.

வாசலில் டிக்கெட் விற்பதில்லை. ஒவ்வொரு மாதமும் 10ஆம் தேதி, ஜப்பான் நேரம் காலை 10 மணிக்கு, அடுத்த மாதத்துக்கான டிக்கெட்டுகள் ஆன்லைனில் வரும். இந்திய, இலங்கை நேரப்படி அது காலை 6:30. பெரியவர்களுக்கு 1,000 யென், 7 முதல் 12 வயதுக்கு 400. வாங்குபவர் பெயர் டிக்கெட்டில் இருக்கும், பாஸ்போர்ட் கேட்பார்கள். மறுவிற்பனை டிக்கெட்டை நம்பிப் போகாதீர்கள். குறித்த நேரத்திலிருந்து ஒரு மணி நேரத்துக்குள் நுழைந்துவிட வேண்டும். வெளியேறுவதற்குக் கெடு கிடையாது என்பதால் காலை நேரத்தை எடுப்பதே லாபம். மூன்று மணி நேரமாவது வேண்டும். செவ்வாய் விடுமுறை.

‘படம் பிறக்கும் இடம்’ என்ற ஐந்து அறைகள்தான் இங்கே உயிர். சுவர் கொள்ளாத ஓவியங்கள், குவிந்த புத்தகங்கள், தேய்ந்து குட்டையான பென்சில்கள் நிறைந்த கண்ணாடி ஜாடிகள். ஸ்டோரிபோர்டு (காட்சிகளை வரிசையாக வரைந்த திட்டம்), லேஅவுட் (ஒரு காட்சியின் அமைப்பு வரைபடம்), பின்னணி ஓவியம், செல் (பாத்திரங்களை வரையும் ஒளிபுகும் தாள்), கேமரா என்று ஒரு காட்சி கடக்கும் படிகள் எல்லாம் கண்முன் இருக்கின்றன. லேஅவுட்டுகளிடம் நின்று பாருங்கள். 1963இல் தோயே அனிமேஷன் நிறுவனத்தில் இடைப்பட்ட அசைவுகளை வரையும் வேலையில் சேர்ந்த மியாசாகி, 1974இல் இசாவோ தகாஹாத்தா இயக்கிய ‘ஹைடி’ தொலைக்காட்சித் தொடரின் 52 பகுதிகளுக்கும் லேஅவுட் வரைந்தார். பாத்திரம் எங்கே நிற்கும், கேமரா எங்கிருந்து பார்க்கும் என்பதை ஒரே தாளில் முடிவு செய்யும் பயிற்சி அது. பிற்காலத்தில் ஸ்டோரிபோர்டு முடியும் முன்பே படத்தயாரிப்பைத் தொடங்கும் துணிச்சல் இந்தப் பயிற்சியில்தான் வந்தது என்பது என் கணிப்பு. விளக்கப் பலகைகள் குறைவு, இருப்பவையும் பெரும்பாலும் ஜப்பானிய மொழியில்தான். அவர் வாழ்க்கைப் பாதையைப் படித்துவிட்டுப் போகாவிட்டால் பாதி பிடிபடாது.

டோட்டோரோ பொம்மைகளை வரிசையாக வைத்த சுழல் மேடையைக் கடந்து ஓடாதீர்கள். சாதாரண வெளிச்சத்தில் சுழலும்போது எல்லாம் கலங்கலாகத் தெரியும். விளக்கு விட்டுவிட்டு எரியத் தொடங்கியதும் பொம்மைகள் குதிக்கும், கயிறு சுழலும். அனிமேஷனின் அடிப்படை அங்கே ஒரு நிமிடத்தில் புரிந்துவிடும்.

சாட்டர்ன் திரையரங்கில் சுமார் 80 இருக்கைகள். இந்த அருங்காட்சியகத்துக்கென்றே எடுத்த, பதினைந்து நிமிடம் போல ஓடும் குறும்படம் ஒன்று. ஒருவருக்கு ஒரு காட்சி மட்டும். ஆங்கில சப்டைட்டில் எதிர்பார்க்காதீர்கள், கதை படத்திலேயே புரியும். நுழைவில் தரும் 35 மி.மீ. பிலிம் துண்டுதான் இதற்கு டிக்கெட், பத்திரம். கூட்டம் உள்ளே வந்ததும் நேராக இங்கேதான் வரிசை கட்டும். முதலில் அறைகளைப் பார்த்துவிட்டு வாருங்கள், ஆனால் கடைசிக் காட்சி வரை தள்ளிப்போட வேண்டாம்.

டோட்டோரோ படத்தில் வரும் பூனைப் பேருந்தின் பொம்மை வடிவில் ஏறத் தொடக்கப்பள்ளி வயது வரையிலான குழந்தைகளுக்கு மட்டுமே அனுமதி. கஃபேயில் காத்திருப்பு நீளம், சாப்பிட்டுவிட்டே போகலாம். மொட்டைமாடியில் மியாசாகியின் ‘காஸல் இன் தி ஸ்கை’ படத்தில் வரும் ரோபோவின் 5 மீட்டர் உயரச் சிலை, அங்கே படம் எடுக்கலாம். மிதாகா ஸ்டேஷனிலிருந்து கால்வாயோரமாக 15 நிமிட நடை; திரும்பும்போது இனோகாஷிரா பூங்கா வழியாகக் கிச்சிஜோஜி ஸ்டேஷனுக்கு நடங்கள், 20 நிமிடம்.