மூன்று நாள் இலவசம் என்று கூப்பிடும் காதல் கேம்கள்: காசு கட்டுமுன் படித்துவிடுங்கள்

பெரியவர்களுக்கான காதல் கேம் என்று போனில் இப்போது விளம்பரமாக வந்து விழுகிறது. கதையில் வருபவனோடு நாமே பேசலாம். நாம் சொல்லும் பதிலுக்கேற்ப நெருங்கி வருவான், இல்லையென்றால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வான். அப்படி ஒன்றில் என் பணம் போய்க்கொண்டே இருந்தது. பெயரைப் போட்டுப் பயனில்லை, நாளைக்கே வேறு ஐகானில் வருவார்கள். பணத்தைக் கறக்கும் விதத்தை மட்டும் சொல்கிறேன்.

இந்த வகை கேம்கள் எனக்குப் பிடிக்கும், அதில் வெட்கமில்லை. 1994-லேயே கோனாமி நிறுவனத்தின் 'டோக்கிமெக்கி மெமோரியல்' ஜப்பானில் வந்துவிட்டது. பெண்களுக்கென்று 'ஆஞ்சலிக்'கும் அதே வருடம்தான். 2009-இல் வந்த 'லவ்பிளஸ்' நின்டென்டோ டிஎஸ் என்ற கையடக்க கேம் கருவியில் ஓடும் கடிகாரத்தைப் பார்த்து, காலையில் ஒரு மாதிரி, ராத்திரியில் ஒரு மாதிரி பேசும். மறு வருடமே அதாமி என்ற கடற்கரை ஊர், அந்த கேம் ரசிகர்களைச் சுற்றுலாவுக்குக் கூப்பிட்டது. நிஜ ஆள் இல்லை என்று தெரிந்தேதான் போனார்கள். வேலை முடிந்து வந்தால் "சாப்பிட்டியா?" என்று கேட்க ஒரு குரல், அவ்வளவுதானே! ஆனால் அவையெல்லாம் கடையில் ஒரு தடவை காசு கொடுத்து வாங்கியவை.

இந்தப் போன் கேம்களில் முதல் சில அத்தியாயங்கள் மட்டும் இலவசம். அப்புறம் அவன் "இன்னிக்கு என்கூட வர்றியா?" என்பான். 'வர்றேன்' என்று சொல்ல வைரம் கட்ட வேண்டும், அதாவது காசு கொடுத்து வாங்கும் கேம் நாணயம். 'வேலை இருக்கு' என்பது இலவசம், அதைத் தொட்டால் அவன் முகம் வாடிவிடும். வைரம் வாங்கப் போனால் "எதற்கு? சந்தா எடுங்கள், 3 நாள் இலவசம், சரிபார்க்க 2 ரூபாய் மட்டும்" என்று பிளே ஸ்டோருக்கு வெளியே ஒரு பக்கத்துக்குக் கொண்டுபோகிறார்கள். அங்கே நாம் போடும் யுபிஐ பின் வெறும் 2 ரூபாய்க்கு இல்லை, ஆட்டோபே அனுமதிக்கு, அதாவது இனி கணக்கிலிருந்து தானாகவே பணம் எடுத்துக்கொள்ள. 699 ரூபாய் என்பது பெரிதாக இருக்கிறது. 'வாரத்துக்கு' என்பது தேடினால் மட்டும் கிடைக்கும் சாம்பல் எழுத்தில். இந்த அளவுத் தொகைக்கு அடுத்தடுத்த முறை பின் கேட்காது. முந்தைய நாள் எஸ்எம்எஸ் வரும், ஆனால் அதில் கேமின் பெயர் இல்லை, கேள்விப்படாத ஏதோ நிறுவனத்தின் பெயர்.

ரத்து செய்யப் போனால்தான் வேடிக்கை. அவன் கண் கலங்க வந்து நிற்கிறான். "என்னை விட்டுட்டுப் போறியா?" கீழே பெரிய ரோஸ் பட்டன், 'இருக்கேன்'. பக்கத்தில் சின்னதாக 'அப்புறம் பார்க்கலாம்'. ரத்து என்ற பட்டனே கிடையாது! எந்தப் பாசத்துக்காக விளையாடினோமோ அதையே வசூலுக்கு நிறுத்தியிருக்கிறார்கள். மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பரில் பட்டியல் போட்ட 13 ஏமாற்று உத்திகளில் சந்தாப் பொறியும் இருக்கிறது, மறுப்பவரைக் குற்ற உணர்ச்சியில் தள்ளுவதும் இருக்கிறது.

ஆப்பை அழித்தேன். பணம் போவது நிற்கவில்லை, ஏனென்றால் அனுமதி இருப்பது யுபிஐயில். உங்கள் யுபிஐ ஆப்பில் ஆட்டோபே பகுதிக்குப் போய் அங்கே ரத்து செய்யுங்கள், அதோடு நிற்கும். பிளே ஸ்டோர் வழியாகக் கட்டியிருந்தால் அங்கேயே சந்தாப் பட்டியலில் இருக்கும். வெளியே கட்டியது அதில் தெரியாது. இனி பின் போடும் திரையில் அதிகபட்சத் தொகை எவ்வளவு, எத்தனை நாளுக்கு ஒருமுறை என்ற இரண்டு வரியையும் பாருங்கள்.

தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் கொடுத்திருக்கிறேன். புகார் எண் வந்தது, பணம் இன்னும் வரவில்லை. இந்த மாதிரி கேம் என்று வெளியே சொல்லக் கூசிப் பலர் புகாரே கொடுப்பதில்லை, அந்தக் கூச்சத்தை நம்பித்தான் இவர்கள் கடை நடத்துகிறார்கள் என்று நினைக்கிறேன். 'மொபைல் கேம் சந்தா' என்று சொன்னாலே போதும், எனக்கு அதற்கு மேல் யாரும் கேட்கவில்லை. ஆனால் ஆட்டோபேயை நிறுத்தியதும் கேமின் கணக்கு பூட்டிக்கொண்டது. சந்தாப் பக்கம், ரோஸ் பட்டன் பக்கம் இரண்டையும் அதற்கு முன்பே ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.