யெனாட்ச் முன் இருந்த இரு வழிகள்: பிரான்சா, ஸ்பெயினா?

இன்றைய சுவிட்சர்லாந்தின் கிராவ்புண்டன் பகுதியின் படைத்தலைவர் யூர்க் யெனாட்ச், பிரான்சைக் கைவிட்டு ஸ்பெயின் பக்கம் சேர்ந்தவர். அவர் துரோகியா, தேசபக்தரா என்று குழம்புவோர், 1637இல் அவர் எடைபோட்ட இரு கூட்டணிகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள்.

படைபலம்: பிரான்சின் தளபதி ரோஹான் 1635இல், கிராவ்புண்டன் இழந்திருந்த வால்டெல்லினாப் பள்ளத்தாக்கில் (இன்றைய வட இத்தாலி) ஸ்பெயின் தரப்பை முறியடித்தார்.

சம்பளம்: கிராவ்புண்டன் படைகளுக்குப் பிரான்ஸ் நிலுவை வைத்தது. அதிகாரிகள் கொதித்ததற்கு இது பெரிய காரணம்.

நிலம்: பள்ளத்தாக்கின் முழு ஆட்சியுரிமையைப் பிரான்ஸ் கையளிக்கவில்லை. ஸ்பெயின் 1639 செப்டம்பரில் மிலான் உடன்படிக்கை மூலம் திருப்பித் தந்தது.

மதம்: ஸ்பெயின் வழியில் அங்கே கத்தோலிக்கம் மட்டுமே. ஆனால் ஸ்பெயினுடன் செய்த 1626 மோன்சோன் ஒப்பந்தத்தில் பிரான்சும் இதற்கு இசைந்திருந்தது. பலர் இதைக் கவனிப்பதில்லை.

போரிட்டு மீட்கப் பிரான்ஸ். மீட்டதை ஆள ஸ்பெயின். ரோஹானை வெளியேற்றிய முடிவைத் துரோகம் என்று மட்டும் சொல்வது நியாயமில்லை. 1621இல் ஸ்பெயின் ஆதரவுத் தலைவர் பொம்பேயுஸ் பிளாண்டாவைக் கொன்ற கறை வேறு. அதற்கு இந்தக் கணக்கு பதிலாகாது.