வீட்டுக் கடனின் உண்மை விலை: ஒன்பது ஆண்டுகள் தவணை கட்டிய பிறகு ஒரு மதிப்புரை

கைப்பேசியையோ துணி துவைக்கும் இயந்திரத்தையோ மதிப்பிடுபவர்கள் அதை ஒரு மாதமாவது பயன்படுத்திப் பார்த்துவிட்டு எழுதுகிறார்கள். நான் மதிப்பிட எடுத்துக்கொண்டிருப்பது நம்மில் பெரும்பாலோர் வாழ்நாளில் வாங்கும் பொருள்களிலேயே விலை கூடியது. ஆனாலும் முழு விலையைக் கேட்காமலே நாம் வாங்கிவிடுவது. 20 ஆண்டுகாலத்துக்கு, மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனைத்தான் சொல்கிறேன். ஒன்பது ஆண்டுகளாகத் தவணை கட்டி வருகிறேன். கடன் தந்த நிறுவனத்தின் பெயர் இங்கே தேவையில்லை. நான் சொல்லப்போகும் குறைகளும் நிறைகளும் ஏறத்தாழ இந்த வகைக் கடன் முழுவதற்கும் பொருந்துபவை.

கையெழுத்திடப் போன நாளில் நான் கேட்ட முதல் கேள்வி, “மாதம் எவ்வளவு கட்ட வேண்டியிருக்கும்?” என்பதுதான். அதற்கு உடனே தெளிவான பதில் கிடைத்தது. மொத்தமாக எவ்வளவு கட்டி முடிப்பேன் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை, அவர்களும் சொல்லவில்லை. இந்த மதிப்புரையில் நான் வலியுறுத்த விரும்புவது இதைத்தான்: மாதத் தவணை என்பது கடனின் விலை அன்று. எவ்வளவு அசல் எத்தனை காலம் நிலுவையில் நிற்கிறது என்பதே அதன் விலை. இந்த இரண்டையும் குறைக்காத எந்தச் சலுகையும் நெடுங்காலத்தில் பெரிய பயன் தருவதில்லை.

கணக்கு எளிதாக இருப்பதற்காக என் கடன் தொகையை விட்டுவிட்டு 10 லட்சம் என்றே வைத்துக்கொள்கிறேன். எந்த நாட்டுப் பணமானாலும் விகிதம் ஒன்றுதான். ஆண்டு வட்டி 9 சதவீதம், மாதந்தோறும் குறையும் நிலுவையின் மீது கணக்கிடப்படுகிறது, காலம் 20 ஆண்டுகள். மாதத் தவணை ஏறத்தாழ 8,997. மொத்தம் 240 தவணைகளில் கட்டி முடிப்பது 21 லட்சத்து 59 ஆயிரம். வாங்கிய 10 லட்சத்தைத் திருப்பித் தந்ததோடு, அதைவிடக் கூடுதலாக 11 லட்சத்து 59 ஆயிரத்தை வட்டியாகவும் தந்திருப்போம். ஒரு வீட்டைப் பயன்படுத்த இரண்டு வீட்டின் விலை என்று இதை நினைத்துப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது.

கடன் கொடுத்ததும் ஒரு தவணை அட்டவணை தருவார்கள். பலரும் அதைக் கோப்பில் செருகிவிட்டு மறந்துவிடுகிறார்கள். நானும் இரண்டு ஆண்டுகள் அப்படித்தான் இருந்தேன். அதை எடுத்து வைத்துக்கொண்டு முதல் வரியை நிதானமாகப் படித்துப் பாருங்கள். கட்டிய தவணை 8,997. அதில் வட்டி 7,500. அசலில் கழிந்தது வெறும் 1,497. அடுத்த மாதம் அசலுக்குப் போவது 1,508. தொடக்கத்தில் மாதம் பத்துப் பன்னிரண்டு என்றும், போகப்போக அதற்கு மேலும் கூடிக்கொண்டே போய், தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குச் சேரத் தொடங்குவது 149-ஆவது தவணையில், அதாவது பதின்மூன்றாம் ஆண்டில். ஐந்து ஆண்டுகள் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியவர் ஏறத்தாழ 5 லட்சத்து 40 ஆயிரம் கொடுத்திருப்பார்; ஆனால் அவர் கடனில் குறைந்தது 1 லட்சத்து 13 ஆயிரம்தான். பாதிக் காலமான பத்து ஆண்டுகள் முடியும்போதும் 7 லட்சத்து 10 ஆயிரம் நிலுவையில் நிற்கும். அசலில் சரிபாதி கரைவதற்கு 14 ஆண்டுகள் ஆகும்.

இதில் ஏமாற்று ஏதும் இல்லை என்பதையும் நேர்மையாகச் சொல்லியாக வேண்டும். நிலுவை அதிகமாக இருக்கும் காலத்தில் வட்டியும் அதிகமாகத்தான் இருக்கும். அது கூட்டல் கழித்தல் கணக்கு. ஆனால் இந்த அமைப்பை முன்பே அறிந்தவருக்கும் அறியாதவருக்கும் இடையே முடிவில் பல லட்சம் வேறுபாடு வந்துவிடுகிறது.

அந்த நிறுவனத்தின் தளத்தில் உள்ள தவணைக் கால்குலேட்டரையும் இங்கே மதிப்பிட்டாக வேண்டும், ஏனென்றால் நான் முடிவெடுத்தது அதை நம்பித்தான். கால அளவைக் காட்டும் பட்டையை வலப்புறம் நகர்த்தினால் தவணை இறங்கும். அந்த எண் பெரிய எழுத்தில், நடுவில் தெரியும். மொத்த வட்டி கீழே, சிறிய எழுத்தில் இருக்கும். 20 ஆண்டுகளிலிருந்து 30 ஆண்டுகளுக்கு நகர்த்தினால் தவணை 8,997 என்பதிலிருந்து 8,046 ஆகும்; மாதம் 951 மிச்சம் என்று மனம் மகிழும். அதே நகர்வில் மொத்த வட்டி 11 லட்சத்து 59 ஆயிரத்திலிருந்து ஏறத்தாழ 18 லட்சத்து 97 ஆயிரமாக ஏறிவிடுகிறது. பட்டையை இடப்புறம் தள்ளி 15 ஆண்டுகளில் நிறுத்தினால் தவணை 10,143. மாதம் 1,145 மட்டுமே கூடுதல், ஆனால் வட்டியில் 3 லட்சத்து 33 ஆயிரத்துக்கு மேல் குறைகிறது. கருவி தரும் விடை சரியானதுதான். எந்த எண்ணை முதலில் பார்க்கச் செய்கிறது என்பதுதான் என் குறை. அதைத் திறப்பவர்கள் தவணையைக் கையால் மறைத்துவிட்டு மொத்தத்தை முதலில் படிக்க வேண்டும் என்பேன்.

இனி நான் நேரில் பட்டது. கடன் வாங்கிய இரண்டாம் ஆண்டில் வட்டி விகிதம் ஏறியது. அதற்கான அறிவிப்பு ஒரு குறுஞ்செய்தியாக வந்தது. தவணைத் தொகையில் மாற்றமில்லை என்று அதில் இருந்ததால் நிம்மதியாக இருந்துவிட்டேன். அடுத்த ஆண்டு ஸ்டேட்மென்ட்டை எடுத்துப் பார்த்தபோது கடைசித் தவணைத் தேதி நான் பணி ஓய்வு பெறும் வயதையும் தாண்டிப் போயிருந்தது. விரலால் அந்த வரியைத் தொட்டுத் தொட்டு மூன்று முறை படித்தேன். தவணையை உயர்த்தாமல் காலத்தை நீட்டிவிட்டார்கள். ஒப்பந்தத்தின் ஒரு பத்தியில் அதற்கு நானே ஒப்புதல் அளித்திருந்தேன்.

இந்த நீட்டிப்பு எவ்வளவு பெரியது என்பதை அதே 10 லட்சம் கணக்கில் பார்த்தால், ஓராண்டு கட்டி முடிந்து 9 லட்சத்து 81 ஆயிரம் நிலுவையில் இருக்கும் நேரத்தில் வட்டி 9 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாகி, தவணை மாறாமல் இருந்தால், மீதமிருந்த 228 தவணைகள் ஏறத்தாழ 289 ஆகிவிடும். ஒரே ஒரு சதவீதத்துக்கு ஐந்து ஆண்டுகள் கூடுதல். அது 11 சதவீதமானால் அந்த மாத வட்டி மட்டும் 8,995; கட்டுகிற 8,997-இல் அசலுக்கு மிஞ்சுவது இரண்டு சொச்சம்தான். அதற்கு மேலும் ஏறினால் கட்டக் கட்டக் கடன் வளரும். இந்த நிலை வரும்போது நிறுவனங்கள் தவணையை உயர்த்தச் சொல்வதும் உண்டு. ஆனால் அதுவரை காத்திருக்கக் கூடாது. வட்டி ஏறிய அறிவிப்பு கிடைத்த அன்றே, காலம் மாறாமல் தவணையை உயர்த்தும்படி எழுதிக் கொடுத்துவிட வேண்டும். நான் அப்படி எழுதிக் கொடுத்தது ஓராண்டு தாமதமாகத்தான். கிளையில் இருந்த அலுவலர் மரியாதையாக நடந்துகொண்டார், படிவத்தையும் உடனே தந்தார். ஆனால் “நீங்கள் கேட்டால்தான் செய்வோம்” என்றார். இந்தச் சேவையில் நான் குறைந்த மதிப்பெண் தருவது இந்த ஒன்றுக்குத்தான்.

முன்கூட்டிச் செலுத்தும் வசதிக்கு நல்ல மதிப்பெண் தருகிறேன். என் ஒப்பந்தத்தில் அதற்கு அபராதக் கட்டணம் இல்லை; இது எல்லா இடத்திலும் எல்லாக் கடனுக்கும் பொருந்தாது, குறிப்பாக நிலையான வட்டிக் கடன்களில் அபராதம் இருக்கக்கூடும் என்பதால், கையெழுத்துக்கு முன்பே இந்தப் பத்தியைத் தேடிப் படிக்க வேண்டும். ஓராண்டு முடிவில் 1 லட்சத்தைக் கூடுதலாகச் செலுத்திவிட்டு அதே தவணையைத் தொடர்ந்தால், 50 தவணைகள் குறைந்து, வட்டியில் ஏறத்தாழ 3 லட்சத்து 54 ஆயிரம் மிச்சமாகும். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் செலுத்தினால் மிச்சமாவது 48 ஆயிரத்துக்கும் குறைவு. எனவே பெரிய தொகை சேரும்வரை காத்திருப்பதைவிட, சிறு தொகையைத் தொடக்க ஆண்டுகளில் கட்டுவதே மேல்.

அந்தப் படிவத்தில் இரண்டு கட்டங்கள் இருக்கும்: தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா. எதையும் குறிக்காமல் விட்டால் என்ன செய்வார்கள் என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். மேலே சொன்ன 3 லட்சத்து 54 ஆயிரம் காலத்தைக் குறைத்தால் கிடைப்பது. தவணையைக் குறைத்துக்கொண்டு பழைய காலத்தையே வைத்திருந்தால் மிச்சம் 1 லட்சத்து 9 ஆயிரம் மட்டுமே. ஒரே தொகை, ஒரே நாள், ஒரே வட்டி. பேனா எந்தக் கட்டத்தில் டிக் போட்டது என்பதில் இரண்டரை லட்சத்துக்கு நெருங்கிய வேறுபாடு. வருமானம் சுருங்கி, மாதச் செலவு நெருக்கும் குடும்பத்துக்குத் தவணையைக் குறைப்பதே சரியாக இருக்கலாம். அப்படியல்லாதவர்கள் இரண்டாவது கட்டத்தையே குறிக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. ஒரு எச்சரிக்கையையும் சேர்த்துச் சொல்கிறேன். கையிலிருக்கும் அவசரச் சேமிப்பு முழுவதையும் எடுத்துக் கடனில் போட்டுவிடாதீர்கள். கடனில் செலுத்திய பணத்தை அவசரத்துக்குத் திரும்பக் கேட்டால், வேறொரு கடனாக, பெரும்பாலும் கூடுதல் வட்டியில்தான் கிடைக்கும்.

வட்டிக்கு வெளியே இருக்கும் செலவுகளைப் பற்றி விரிவாக எழுத வேண்டியதில்லை. செயலாக்கக் கட்டணம், சட்ட ஆய்வு, மதிப்பீடு, பதிவுச் செலவு என்று பட்டியல் எல்லோருக்கும் கிடைத்துவிடுகிறது. ஒன்றை மட்டும் கவனிக்கச் சொல்வேன். எனக்கு ஒரு காப்பீட்டுத் திட்டத்தைக் கடனோடு இணைத்து, அதன் ஒற்றைக் கட்டணத்தையும் கடன் தொகையிலேயே சேர்த்துவிட்டார்கள். “கையிலிருந்து எதுவும் போகாது” என்பதே அதற்குச் சொன்ன காரணம். கடனோடு சேர்ந்த 40 ஆயிரம், 9 சதவீதத்தில் 20 ஆண்டுகளில் 86 ஆயிரத்துக்கு மேல் ஆகிவிடும். காப்பீடு வேண்டியதுதான், கடன் வாங்கியவர் இல்லாமல் போனால் வீடு குடும்பத்தின் கையை விட்டுப் போகக் கூடாது. ஆனால் அதைத் தனியாக வாங்கி, ஆண்டுதோறும் கட்டுவது எவ்வளவு ஆகும் என்று ஒப்பிட்டுப் பார்த்த பிறகே முடிவெடுக்க வேண்டும்.

இரண்டு கடன்களை ஒப்பிடும்போது, கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதத்தைக் கேளுங்கள். 9 சதவீத வட்டியோடு 2 சதவீதக் கட்டணம் பிடித்துக்கொண்டால், 20 ஆண்டுகள் முழுவதும் கட்டுபவருக்கு அது ஏறத்தாழ 9.28 சதவீதமாக அமையும். ஐந்தே ஆண்டுகளில் கடனை முடித்துவிடுபவருக்கு ஒன்பதரையைத் தாண்டிவிடும். அதே போல, குறையும் நிலுவையின் மீது வட்டியா, தொடக்க அசல் முழுவதன் மீதும் கடைசிவரை ஒரே வட்டியா என்பதையும் கேட்டாக வேண்டும். பின்னது ‘பிளாட்’ விகிதம் எனப்படும். 20 ஆண்டுகளுக்கு 5 சதவீதம் என்று அந்த முறையில் சொல்லப்படும் கடன், குறையும் நிலுவை முறையில் ஏறத்தாழ 8 சதவீதத்துக்குச் சமம்.

இவ்வளவு சொன்ன பிறகும், இந்தக் கடனை வாங்கியதற்காக நான் வருந்தவில்லை. பணத்தின் மதிப்பு ஆண்டுதோறும் குறைவதால், மாறாத தவணையின் பாரமும் காலப்போக்கில் இறங்குகிறது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், இன்றைய 8,997 என்பது இருபது ஆண்டுகள் கழித்து இன்றைய 3,400-க்கும் குறைவான வாங்கும் திறனையே கொண்டிருக்கும். முழுப் பணம் சேரும்வரை காத்திருந்தால், அதுவரை வாடகையும் போயிருக்கும், வீட்டின் விலையும் நின்ற இடத்தில் நின்றிருக்காது. மொத்த வட்டியைப் பார்த்து அஞ்சி ஓடுபவர்களுக்கு இதையும் சொல்ல வேண்டியிருக்கிறது. ஆனால் நிலுவை குறையாமல் வெறும் காலம் மட்டும் நீண்டுகொண்டிருந்தால் இந்த ஆறுதலும் போதாது.

வட்டி ஏறிய அந்த அனுபவத்துக்குப் பிறகு, ஒவ்வோர் ஆண்டும் ஊதிய உயர்வு வந்த மாதத்தில் தவணையைச் சிறிது உயர்த்தி எழுதிக் கொடுக்கிறேன். கையில் கூடுதல் பணம் சேரும்போதெல்லாம் காலத்தைக் குறைக்கும் கட்டத்தைக் குறித்துப் படிவம் தருகிறேன். ஒவ்வொரு முறையும் புதிய தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி, பழையதன் மேல் வைத்து, கடைசித் தேதியை மட்டும் சிவப்பு மையால் வட்டமிடுகிறேன். ஓய்வு பெறும் வயதுக்கு அப்பால் போயிருந்த அந்தத் தேதி, சென்ற மாதம் கிடைத்த அட்டவணையில் ஓய்வுக்கு மூன்று ஆண்டுகள் முன்னால் வந்து நிற்கிறது.