ஸ்டோரேஜ் ஹீட்டரோடு சில குளிர்காலங்கள்

லண்டன் ஹாரோவில் நாங்கள் வாடகைக்கு இருக்கும் ஃபிளாட்டில் கேஸ் இணைப்பே கிடையாது. வீட்டைச் சூடேற்றுவது, வெந்நீர், சமையல் எல்லாமே கரண்டில்தான். கூடத்திலும் படுக்கையறையிலும் பழைய ஸ்டோரேஜ் ஹீட்டர்கள். வீடு தேடுகிறவர்கள் இந்தப் பெட்டிகளைப் பார்த்ததும் முகம் சுளிப்பார்கள். எனக்கு இவற்றின்மீது அவ்வளவு வெறுப்பில்லை. பில்லைப் பார்த்தால்தான் கோபம் வரும்.

உள்ளே இருப்பவை செங்கல் போன்ற கனமான கட்டிகள். எக்கானமி 7 என்ற மின்கட்டணத் திட்டத்தில் இரவு ஏழு மணி நேரம் யூனிட் விலை குறைவு. அப்போது சூடேறும் கட்டிகள் மறுநாள் முழுக்க மெல்ல வெப்பத்தை விடும். மேலே இரண்டு திருகுகள். எவ்வளவு சேமிப்பது என்பதற்கு இன்புட், எவ்வளவு வேகமாக வெளியே விடுவது என்பதற்கு அவுட்புட். அவுட்புட்டைத் திறந்தபடி தூங்கினால், ஆளில்லாத பகலில் வீடு தகிக்கும், மாலை வேலை முடிந்து வரும்போது சில்லென்று கிடக்கும். படுக்கும்முன் அதை மூடிவிட்டு மாலையில்தான் திறக்க வேண்டும். இன்புட்டை வானிலை பார்த்து முந்தின இரவே திருப்ப வேண்டும். இந்தப் பெட்டிக்குச் சோம்பேறிகளைப் பிடிக்காது.

கடுங்குளிர் நாளில் மாலை ஏழெட்டு மணிக்கே சேமிப்பு தீர்ந்துவிடும். அப்புறம் பிளக்கில் செருகும் ஹீட்டர்தான். எக்கானமி 7-இல் பகல் யூனிட் சாதாரணக் கட்டணத்தைவிட அதிகம் என்பதால், இரவில் மிச்சம் பிடித்தது அங்கே போய்விடும்.

2025 அக்டோபர் முதல் டிசம்பர் வரை எரிசக்தி ஒழுங்குமுறை அமைப்பான ஆஃப்ஜெம் வைத்த விலை உச்சவரம்பில் சாதாரண மின்சார யூனிட் சுமார் 26 பென்ஸ், கேஸ் சுமார் 6 பென்ஸ். கேஸை எரித்து வீட்டைச் சூடேற்றும் பாய்லரில் வீணாவதைக் கழித்தாலும் கேஸ் வெப்பம் யூனிட்டுக்கு 7 பென்ஸ்தான். சாதாரணக் கட்டணத்தில் கிட்டத்தட்ட நான்கு மடங்கு வித்தியாசம். எந்தத் திருகைத் திருப்பியும் அதை முழுதாகச் சரிக்கட்ட முடியாது.

சுற்றுச்சூழல் கணக்கு நேர்மாறானது. 2012இல் பிரிட்டன் மின்சாரத்தில் ஏறக்குறைய 40 சதவீதம் நிலக்கரியில் வந்தது. கடைசி நிலக்கரி ஆலையான ராட்கிளிஃப் 2024 செப்டம்பர் 30 அன்று மூடப்பட்டது. அந்த ஆண்டு ஒரு யூனிட் மின்சாரத்துக்குச் சுமார் 125 கிராம் கரியமில வாயு. கேஸ் பாய்லர் ஒரு யூனிட் வெப்பம் தர ஏறக்குறைய 200 கிராம் விடுகிறது. ஒரு காலத்தில் ஊரையே புகைத்த இந்தப் பழைய பெட்டி, எதையும் மாற்றாமலே பக்கத்து வீட்டுப் பாய்லரைவிடச் சுத்தமாகிவிட்டது. ஆனாலும் பசுமைத் திட்டங்களுக்கான வரிச்சுமை பெரும்பாலும் மின்சார பில்லில்தான் ஏறுகிறது. கேஸில் ஓடும் மின் ஆலைகளே பல நேரம் மொத்தச் சந்தையில் மின்சார விலையைத் தீர்மானிக்கின்றன. சுத்தமாகச் சூடேற்றுகிறவனுக்கு அபராதம் என்றுதான் எனக்குப் படுகிறது.

வெளிக்காற்றின் வெப்பத்தை இழுத்து வீட்டுக்குள் தரும் ஹீட் பம்ப், ஒரு யூனிட் கரண்டில் மூன்று யூனிட் அளவு வெப்பம் தரும். அப்போது செலவு கேஸை நெருங்கிவிடும். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் அதற்கு 7,500 பவுண்டு மானியம் உண்டு. ஆனால் அது வீட்டுக்காரருக்கு, பில் கட்டும் வாடகைக்காரருக்கு இல்லை.

ஸ்டோரேஜ் ஹீட்டர் உள்ள வீட்டைப் பார்க்கப் போனால், முதலில் மீட்டரைப் பாருங்கள். சில பழைய மீட்டர்கள் பிபிசி ரேடியோ 4 நெட்டலையில் வந்த சிக்னலைக் கேட்டு இரவுக் கட்டணத்துக்கு மாறுபவை. அந்தச் சேவையை 2025 ஜூன் 30 முதல் படிப்படியாக நிறுத்தத் தொடங்கினார்கள். மீட்டரை மாற்றியாகிவிட்டதா என்று கையெழுத்துப் போடும்முன் கேளுங்கள். போன ஜனவரி பில்லையும் காட்டச் சொல்லுங்கள்.