கல்லை உடைக்கும் வெளிச்சம்: மூன்று ஆயுதங்கள், ஓர் அலசல்

பொருநைநாடு என்று ஒரு கற்பனை உலகத்தை நாங்கள் நாலைந்து பேர் பாளையங்கோட்டையில் உட்கார்ந்து கட்டிக்கொண்டிருக்கிறோம். மேற்கே பொதிகை, கிழக்கே கடல், நடுவில் ஆறு, ஆற்றுக்கு இரண்டு கரையிலும் இரண்டு ராஜாக்கள். வெடிமருந்து கிடையாது என்பது முதலிலேயே முடிவாகிவிட்டது. அதற்குப் பதிலாக ஒளியால் ஒத்ததிர்வை உண்டாக்கித் தாக்கும் ஆயுதம். அது எப்படி வேலை செய்யும் என்பதில்தான் எங்களுக்குள் மூன்று கட்சி.

ஒத்ததிர்வு எல்லோருக்கும் தெரிந்ததுதான். எந்தப் பொருளுக்கும் தனக்கென்று அதிரும் வேகம் ஒன்று உண்டு; அதே வேகத்தில் விடாமல் தட்டினால் அதிர்வு ஏறிக்கொண்டே போகும். 1831-ல் இங்கிலாந்தின் பிராட்டன் தொங்குபாலம், சிப்பாய்கள் ஒரே சீராக நடைபோட்டபோது இடிந்து விழுந்தது. சிக்கல் எங்கே என்றால், கல்தூண் அதிர்வது நொடிக்குச் சில நூறு முறை. கண்ணுக்குத் தெரியும் ஒளியோ நொடிக்கு 400 லட்சம் கோடிக்கும் மேல். ஒன்றுக்கொன்று ஒட்டவே ஒட்டாது. ஒளியே தள்ளிவிடாதா என்றால், ஒரு சதுர மீட்டரில் விழுகிற உச்சிவெயில் தள்ளும் விசை ஒரு மில்லிகிராம் எடைக்குக்கூட வராது. இதைச் சொன்னதும் கூட்டாளி ஒருத்தன் கேட்டான்: “ஏல, வெயில் தள்ளி கதவு ஒடையும்னா நம்மூர்ல ஒரு கதவாவது மிஞ்சியிருக்குமால?”

அதனால் எல்லாக் கட்சிக்கும் பொதுவாக ஒரே ஒரு பொய்யை அனுமதித்தோம். பொதிகையில் ஒரு பளிங்கு கிடைக்கிறது, அது வெயிலை வேண்டிய மட்டும் பெருக்கித் தரும். மற்றபடி இயற்பியலோடு சண்டை போடக்கூடாது.

கூட்டத்தில் இளையவர்களுக்குப் பிடித்தது நிறவாள். தூணின் அதிர்வை விட்டுவிட்டு, பொருளுக்கு உள்ளே இருக்கிற எலக்ட்ரான்களோடு ஒளியை ஒத்துப்போக வைப்பது இதன் தந்திரம். எந்த நிறத்தை எந்தப் பொருள் விழுங்குகிறதோ அந்த நிறத்தால் அடிப்பது. இதற்குத் தாமிரம் அருமையான உதாரணம். சிவப்பில் பெரும்பகுதியைத் திருப்பி அனுப்பிவிடும்; நீலத்தில் பாதிக்குப் பக்கமாக விழுங்கிவிடும். இன்றைக்குத் தாமிரத்தைப் பற்றவைக்க நீல லேசரைத் தேடுவது இதனால்தான். தாமிரசபை இருக்கிற ஊர்க்காரர்கள் தாமிரக் கவசம் போட்ட படையை விட்டுவைப்போமா? செவ்வாள் அந்தக் கவசத்தில் பட்டுத் தெறிக்க, நீலவாள் உள்ளே இறங்கும். படம் வரைய அட்டகாசமான காட்சி. ஆனால் எதிரி கவசத்தின்மேல் ஒரு கை சுண்ணாம்பு அடித்துவிட்டால் எந்த நிறமும் அவ்வளவாக ஏறாது. ஒரு சட்டி சுண்ணாம்பில் முடிந்துபோகிற ஆயுதத்தை வைத்து எத்தனை அத்தியாயம் ஓட்டுவது?

என் கட்சி வெட்டொளி. ஒளியைத் துண்டு துண்டாக வெட்டி அனுப்புவது. பனங்கட்டையில் ஒரு சக்கரம், விளிம்பில் 44 துளை; நொடிக்குப் பத்துச் சுற்று சுற்றினால் எதிரே நிற்கும் தூணில் நொடிக்கு 440 தரம் வெளிச்சம் விழுந்து விழுந்து மறையும். ஒவ்வொரு தரமும் கல்லின் மேல்தோல் சூடாகி இம்மியளவு விரியும், ஆறிச் சுருங்கும். தூணின் சுரமும் அதே 440 என்றால் அதிர்வு சேரத் தொடங்கும். இது நான் கட்டிய கதையில்லை. 1880-ல் அலெக்சாண்டர் கிரகாம் பெல்லும் சார்லஸ் டெய்ன்டரும் வெயிலை இப்படி வெட்டி ஒரு தட்டில் விழவைத்தபோது தட்டே பாடியது. பல பொருள்களை வைத்துப் பார்த்ததில் விளக்குக்கரி நன்றாகவே ஒலித்தது.

இந்தக் கரியில்தான் கதை இருக்கிறது. வெளுத்த கல்லில் வெயில் அவ்வளவாக ஏறாது. தூணில் கரி பூசியிருக்க வேண்டும், அதன் சுரமும் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். இரண்டுக்கும் யாராவது கோட்டைக்குள் போயாக வேண்டும். நெல்லையப்பர் கோயில் மணிமண்டபத்தில் ஒரே கல்லில் செதுக்கிய சிறுதூண் கொத்துகள் இருக்கின்றன. தட்டினால் தூணுக்குத் தூண் சுரம் வேறு. எதிரி ராஜாவின் மண்டபமும் அப்படித்தான். எந்தத் தூண் எந்தச் சுரம் என்று ஓலையில் குறித்துக்கொண்டு வர காதுள்ள ஓர் ஆள் வேண்டும். நாகஸ்வரக்காரர் ஒருவரை ஒற்றனாகப் போட்டிருக்கிறோம்.

வெட்டொளிக்கு இன்னொரு குணம் உண்டு. சந்தையில் பானை விற்கிறவர் விரல்முட்டியால் தட்டிக் காட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். ‘ணங்’ என்று நீண்டால் முழுப்பானை. ‘டொக்’ என்று அடங்கினால் எங்கோ கீறல். நீளமாக ஒலிக்கிற பொருளில்தான் அதிர்வு சேரும். மண்சுவரைத் தட்டுங்கள், டொக். ஓலைக்குடிசையில் அதுவும் இல்லை. ஆக, இந்த ஆயுதத்தால் குடிசையை ஒன்றும் செய்ய முடியாது. சிற்பி பார்த்துப் பார்த்துச் செதுக்கிய ராஜமண்டபம்தான் நொறுங்கும். விரிசல் விட்ட பழைய சுவர்கூடத் தப்பித்துவிடும்! ஆள்பலம் இல்லாத கரைக்கு இந்த ஆயுதம் போனால் சண்டையின் கணக்கே மாறிவிடும். எதிரிக்கும் தற்காப்பு இருக்கிறது: தூணைச் சுற்றி ஈரக் கோரைப்பாயை இறுக்கிக் கட்டினால் அதிர்வு அடங்கும். பத்தமடை மாதிரி ஓர் ஊர் திடீரென்று படைக்கலக் கிடங்காக மாறுவதை எழுத எனக்குக் கை துறுதுறுக்கிறது.

மூன்றாவது எதிராடி. இரண்டு கண்ணாடிகளுக்கு நடுவே ஒளியை முன்னும் பின்னும் ஓடவிட்டுத் திரட்டி, ஒரே வீச்சாக வெளியே விடுவது. 1960-ல் தியோடர் மைமன் மாணிக்கத் தண்டின் இரு முனைக்கும் வெள்ளிப்பூச்சு பூசிச் செய்த முதல் லேசரும் இந்த வகைதான். வலிமையில் மற்ற இரண்டும் இதன் பக்கத்தில் நிற்க முடியாது. ஆனால் ஒளி சேர வேண்டுமானால் கண்ணாடிகளுக்கு இடையே உள்ள தூரம் அரை அலைநீளக் கணக்கில் பிசகாமல் இருக்க வேண்டும். பச்சை ஒளிக்கு அது ஒரு மில்லிமீட்டரில் ஏறத்தாழ 4000-ல் ஒரு பங்கு. பக்கத்தில் யானை நடந்தால் போச்சு. மலையுச்சியில் நட்டுவைத்துக் காவல் காக்கலாம், படையோடு தூக்கிக்கொண்டு போக முடியாது. விட்டுவிட்டோம்.

பருவத்தையும் பார்க்க வேண்டும். ஆனி, ஆடியில் மேற்கே சாரல், ஒளி சிதறிவிடும். அதே மாதங்களில் சமவெளியில் காற்று புழுதியைக் கிளப்பும். ஐப்பசி, கார்த்திகையில் மேகம். மூன்று ஆயுதத்துக்கும் பங்குனி, சித்திரைதான் போர்க்காலம். இரவில் எதுவும் உதவாது. முழுநிலா வெளிச்சம் வெயிலில் ஏறக்குறைய நாலு லட்சத்தில் ஒரு பங்குதான். பளிங்கு அதைப் பெருக்கட்டுமே என்றார்கள், நான் விடவில்லை. இரவுக்கு வாளும் வேல்கம்பும் இருக்கட்டும்.

சீட்டு விளையாட்டாகச் செய்வதாக இருந்தால் நிறவாளையே எடுத்துக்கொள்ளுங்கள். எந்த நிறம் எந்த உலோகத்தை வெட்டும் என்று ஒரு பட்டியல் போட்டால் விதி தயார். கதைக்கு வெட்டொளி. நிறவாளை எதிரி ராஜாவுக்குக் கொடுத்தாயிற்று; பகட்டுக்கு அவருக்கும் ஏதாவது வேண்டுமே.

தூணில் கரி பூசப் போவது யார் என்பதில் மட்டும் இழுபறி. சுண்ணாம்பு அடிக்கிற பையன் என்கிறார்கள் மற்றவர்கள். அவன் கையில் கரி இருந்தால் காவல்காரன் நிறுத்திக் கேட்பான். விளக்கேற்ற வருகிற ஆச்சியை யார் கேட்கப்போகிறார்கள்?